மீன் முள்

முன்பு குடியிருந்தவர் விட்டுப்போன மீன்தொட்டி.
இடது மூலையில் விரிசல்.
தண்ணீர் நிற்காது.
நிற்காது என்பதால்தான் எடுத்துக்கொண்டேன்.

சஸ்கட்டூனில் ஜனவரி.
எங்கள் நிலவறை வீட்டின் ஒற்றை ஜன்னல்
தரையோடு தரையாய்க் கிடக்கும்.
பனி பெய்தால் அதுவும் கண்ணை மூடிக்கொள்ளும்.

அடியில் கூழாங்கல் இரண்டங்குலம்,
மேலே இடித்த கரி,
அதற்கும் மேலே
மூன்று தரம் அலசி அடுப்பில் உலர்த்திய பருமணல்.
அன்று வீடு முழுக்கச் சுட்ட மண் வாசனை.
ரோடெல் தன் மீனை வறுக்க
சாயங்காலம் வரை காத்திருந்தான்.

குழி பறிக்க டீஸ்பூன்.
செடியைப் பிடிக்க நாலாய் மடித்த செய்தித்தாள்.
மூன்று கள்ளிகள்: உருண்டை ஒன்று, விரல் ஒன்று,
முயல்காது ஒன்று.

முயல்காதின் உச்சியில்
ரோஜா நிறத்தில் ஒரு காய்ந்த பூ.
சூடான பசை வைத்து ஒட்டியிருந்தார்கள்.
பூக்காத செடி விலைபோகாதாம்.
பிய்த்தேன்,
நகத்தளவு தோலும் கூட வந்தது.
வலது காதில் ஒரு வடு நின்றது,
என் தோளில் இருக்கும் அம்மை குத்திய தழும்பு மாதிரி
வட்டமாய், கொஞ்சம் குழிந்து.

மூடி போடவில்லை.
மூடினால் கண்ணாடி வேர்க்கும்,
வேர்த்தால் வேர் அழுகும்.
பதினாலு மணி நேரம் விளக்கு,
மாதத்துக்கு ஒரு மடக்குத் தண்ணீர்.

'பதினோரு நாள் வண்டி ஓட்டப் போகிறேன்,
ஒரு சொட்டும் ஊற்றாதே' என்றேன்.
'ஒரு சொட்டு கூடவா, செம்?'
செம்பியனில் பாதிதான் அவன் வாய்க்கு எட்டும்.
முதியோர் இல்லத்தில் வேலை அவனுக்கு.
நாள் முழுக்க
நடுங்கும் உதடுகளுக்குத் தம்ளர் பிடிப்பவன்.
காயப்போடுவதும் வளர்ப்புதான் என்றேன்.
தலையாட்டினான்,
நம்பாதவன் ஆட்டுகிற மாதிரி.

லாரிடோவில் சுங்க வரிசை ஐந்து மணி நேரம்.
வேலியோரம் ஆள் உயரக் கள்ளி,
யாரும் வைக்காதது.
டயர்த் துண்டும் பிளாஸ்டிக் பையும் கோத்துக்கொண்டு
புழுதியில் தழைத்து நின்றது.
படம் எடுத்து அனுப்பினேன்.
கட்டைவிரல் ஒன்று மட்டும் பதிலாய் வந்தது.
வழக்கமாய்ப் பத்து வரி எழுதுகிறவன்.

திரும்பிய இரவு மைனஸ் முப்பத்தொன்று.
பூட்ஸைக் கழற்றாமல் தொட்டியைப் பார்த்தேன்.
உருண்டை இருந்தது.
விரல் இருந்தது.
முயல்காதும் இருந்தது,
வடுவோடு.

வடு இடது காதில்.

ஈரம் காயாத பச்சைக் காயம்.
விளிம்பில் பசையின் ஓர் இழை
விளக்கில் மினுங்கியது.
மணலை யாரோ சீப்பால் வாரியிருந்தார்கள்.
கரியின் கறுப்பு அங்கங்கே மேலே வந்திருந்தது.

கடைக்கு இரண்டு பஸ் மாற வேண்டும்.
இந்தக் குளிரில்
கள்ளியைக் கோட்டுக்குள் வைத்துத்தான்
கொண்டுவந்திருக்க முடியும்.

'நல்லா இருக்கா?'
சமையலறையிலிருந்து கேட்டான்.
'வளர்ந்திருக்கு' என்றேன்.
அவன் ஒன்றும் சொல்லவில்லை.
குழாயை மட்டும் திறந்து மூடினான்.

சாப்பிடும்போது சோற்றைப் பிசையாமல்
ஸ்பூனால் எடுத்தான்.
வலக்கையின் மூன்று விரல்கள் வீங்கிச் சிவந்திருந்தன.
முயல்காதின் முள் முள்ளாகத் தெரியாது,
பொன்துகள் போல இருக்கும்.
இறங்கினால் ஒரு வாரம் தூங்க விடாது.

'என்ன ஆச்சு?'
'மீன் முள்' என்றான்.

தொட்டி விளக்கைத் தாழ்த்தி
அவன் கையைத் திருப்பி வைத்துக்கொண்டேன்.
முதலில் ஒட்டுநாடா, பிறகு சாமணம்.
ஒவ்வொன்றாய் எடுத்து
வெள்ளைத் தட்டின் ஓரத்தில் தட்டினேன்.
பொன்னிறம், மயிரிழையில் பாதி.

'என்ன மீன்?' என்றேன்.

யோசித்தான்.
'சின்ன மீன்' என்றான்.